எட்டாம் அத்தியாயத்தில் ஒரு நாடு

மூன்று புத்தகங்களும் ஒரு வாரமாக நினிங்கின் மேசையில் கிடந்தன. முதலாவது ஆங்கிலத்தில், செங்கல் கனத்தில். இரண்டாவதும் ஆங்கிலம்தான், மெல்லியது, சமையல் குறிப்புப் புத்தகம் மாதிரி எதையும் விளக்காமல் செய்துமட்டும் காட்டுவது. மூன்றாவது இந்தோனேசிய மொழியில் ப்ரொஃபஸர் சுகந்தா எழுதியது. அட்டையில் படிக்கட்டு வயல்களுக்கு மேல் சூரியன் உதிக்க, வயல் நடுவே ஒரு மடிக்கணினி திறந்திருந்தது.

மூன்றும் வெர்டாவைப் பற்றியவை. வெர்டா ஒரு ஃபிரேம்வொர்க். மென்பொருள் எழுதுகிறவர்களுக்குத் தூணும் உத்தரமும் முன்கூட்டியே நிறுத்திக் கொடுக்கும் கட்டமைப்பு. இந்தோனேசியாவின் பந்துங் நகரில், புவா பத்து சாலையிலிருந்து பிரியும் ஒரு சந்தில், பழைய வீட்டை மாற்றி அமைத்த இடத்தில் இயங்கிய நினிங்கின் நிறுவனம் அதுவரை கூட்டுறவுச் சங்கங்களுக்குக் கணக்கு மென்பொருள் செய்துகொண்டிருந்தது. அந்த மென்பொருளுக்கு அடித்தளமாக இருந்த பழைய ஃபிரேம்வொர்க்கை உருவாக்கியவர்களே கைவிட்டுவிட்டார்கள். சிங்கப்பூரில் சரக்கு அனுப்பும் நிறுவனம் ஒன்று வேலை தருவதாகச் சொன்னது, எல்லாம் வெர்டாவில் இருக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு. முதலாளி ருஸ்லி, எல்லோருக்கும் பாக் ருஸ்லி, அதாவது ருஸ்லி ஐயா, நினிங்கையும் சேர்த்து நான்கு பேரைக் கூப்பிட்டார். மூன்று மாதம் படிப்பு, பிறகு ஒரு தேர்வு, தேறியவர்கள் சிங்கப்பூர் வேலைக்கு.

"தேறாதவங்க?" என்று நினிங் கேட்டாள்.

"அவங்களோட பேசுவோம்," என்றார் பாக் ருஸ்லி.

அந்த அலுவலகத்தில் யாரோடாவது 'பேசினால்' அடுத்த மாதம் அவருடைய நாற்காலி காலியாக இருக்கும்.

எல்லோருக்கும் ஒரே புத்தகம் வாங்கலாம், எதை வாங்குவது என்று நினிங் பார்த்துச் சொல்லட்டும் என்று முடிவானது. இணையத்திலேயே எல்லாம் கிடைக்கிறதே என்றான் ஃபாடில். அவனுக்கு இருபத்தாறு வயது. சிங்கப்பூரில் இரண்டு வருடம் வேலை பார்த்துவிட்டு வந்தவன். தேர்வை நடத்தப்போகிறவனும் அவன்தான். பாக் ருஸ்லி ஒத்துக்கொள்ளவில்லை. "இணையத்துல படிங்கன்னா யாரு படிச்சா, யாரு ஃபுட்பால் பார்த்தான்னு எனக்கு எப்படித் தெரியும்? புத்தகம்னா மேசையில கிடக்கும். அழுக்காகுதா இல்லையான்னு பார்த்தாலே போதும்."

படிக்கவேண்டிய நால்வரில் இரண்டு பேர் முப்பதைத் தாண்டாதவர்கள். அவர்களுக்கு எந்தப் புத்தகம் வந்தாலும் ஒன்றுதான். காதில் கருவியை மாட்டிக்கொண்டு வீடியோ பார்த்தே படித்துவிடுவார்கள். நினிங் ஆங்கிலத்தில் சிரமமின்றிப் படிப்பாள். ஆகவே புத்தகம் என்பது நான்காமவரான எங்கோஸுக்குத்தான்.

எங்கோஸ் கோஸ்வாராவுக்கு நாற்பத்தொன்பது வயது. நினிங் அங்கே வேலைக்குச் சேர்ந்தபோது கூட்டுறவு வட்டிக் கணக்கின் சிக்கல்களைச் சொல்லிக் கொடுத்தவர். தொழிற்பள்ளியில் படித்தவர், எந்தப் புது விஷயத்தையும் இந்தோனேசிய மொழிப் புத்தகம் ஒன்றை வாங்கி, முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை படித்துத்தான் கற்றுக்கொள்வார். வீடியோக்காரர்கள் பேசும் ஆங்கிலம் அவர் காதில் நுழைவதற்குள் அடுத்த வாக்கியம் வந்துவிடும்.

"எதுவா இருந்தாலும் நம்ம பாஷையில இருக்கட்டும், நினிங்," என்றார் ஒருநாள், பத்தாகோர் என்ற பொரித்த மீன் பலகாரப் பொட்டலத்தை அவள் மேசையில் வைத்துவிட்டு. நிலக்கடலைச் சாறு காகிதத்தில் கசிந்திருந்தது. "என் வயசுக்கு வெளியில போய் வேலை கேட்டா வரவேற்புல இருக்கிற பொண்ணு, 'மகனுக்கு இன்டர்வியூவா அங்கிள், அங்க உட்காருங்க'ங்கும். என் பெரியவ இப்பதான் நர்சிங் சேர்ந்திருக்கா. மூணு வருஷம் இந்த நாற்காலி எனக்கு வேணும். அதுக்கப்புறம் நீ என்னைத் தூக்கித் தெருவுல போடு."

"நல்லதாப் பார்த்துச் சொல்றேண்ணே," என்றாள் நினிங்.

அவள் பார்த்தாள். மூன்று புத்தகங்களிலும் உள்ள எடுத்துக்காட்டுகளை ஒவ்வொன்றாகத் தன் கணினியில் தட்டி ஓடவிட்டாள். தடித்த புத்தகம் நேர்மையானது; நன்றாகச் சொல்லிக் கொடுத்தது. ஆங்கிலமும் அவ்வளவு கடினமில்லை. பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து உதவினால் எங்கோஸ் அதைக் கடந்துவிடலாம். மெல்லியது ஏற்கெனவே தெரிந்தவர்களுக்கு.

ப்ரொஃபஸரின் புத்தகத்தைத் திறந்தபோது முதலில் சிரிப்புதான் வந்தது. ஏதோ ஓர் ஆங்கிலக் கையேட்டை மொழிபெயர்ப்புப் பொறியில் கொடுத்து எடுத்திருந்தார்கள். எழுத்துச் சரம் என்ற பொருளில் வரும் ஸ்ட்ரிங் அதில் கட்டும் கயிறாகியிருந்தது. தரவு அட்டவணையான டேபிள் சாப்பாட்டு மேசையாகியிருந்தது. இணையதளம் நினைவுக்கு விட்டுவைக்கும் சிறு குறிப்பான குக்கி, பெருநாளுக்குச் சுடும் பலகாரமாகி, 'பயனரின் உலாவியில் பலகாரத்தை வைக்கவும்' என்று ஒரு கட்டளை இருந்தது. இவை எல்லாம் பழைய சொற்கள். தொழிலில் இருக்கிற யாரும் சிரித்துவிட்டு, மனதுக்குள் திருப்பிப் போட்டுக்கொண்டு மேலே போய்விடுவார்கள்.

எட்டாம் அத்தியாயம் அப்படியல்ல. வெர்டாவின் உயிரே 'ஸ்டேட்' என்பதில் இருக்கிறது: செயலி இந்தக் கணத்தில் என்ன நிலையில் இருக்கிறது, பயனர் எதை அழுத்தினார், திரையில் எந்தத் தொகை நிற்கிறது என்பதையெல்லாம் ஒரே இடத்தில் நினைவு வைத்திருப்பது. பொறி அந்தச் சொல்லை 'நெகாரா' என்று, அதாவது நாடு என்று, மாற்றியிருந்தது. அத்தியாயத்தின் தலைப்பு 'நாட்டை நிர்வகித்தல்', பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் 'ஸ்டேட்'. தலைப்பைப் பார்த்த ப்ரொஃபஸர் உண்மையிலேயே நாட்டைப் பற்றியதுதான் என்று நம்பி, கையேட்டில் இருந்த எடுத்துக்காட்டுகளை எடுத்துவிட்டுத் தானே புதிதாக எழுதிச் சேர்த்திருந்தார். இந்தோனேசியா, மலேசியா, புரூணை என்று ஒரு பட்டியல். நாட்டைத் தேர்ந்தெடுத்தால் நாணயமும் தேதி எழுதும் முறையும் மாறும். நிரல் பிழையில்லாமல் ஓடியது. வெர்டாவுக்கும் அதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை.

வியாழக்கிழமை, எல்லோரும் பாத்திக் சட்டையில் வரும் நாள், இதைச் சொல்லிவிடலாம் என்று நினிங் முதலாளியின் அறைக் கதவைத் தட்டினாள். உள்ளே ப்ரொஃபஸர் சுகந்தா உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தார். வெள்ளைத் தலை, மடிப்புக் கலையாத பாத்திக். கதவுக்குப் பின்னால் இரண்டு அட்டைப் பெட்டிகள். ஃபாடில் சுவரோரமாக நின்றிருந்தான்.

"வா வா," என்றார் பாக் ருஸ்லி. "ப்ரொஃபஸர், புத்தகமெல்லாம் பார்க்கிறது இவதான். ப்ரொஃபஸர்தான் என் ஆய்வுக்கு வழிகாட்டினவரு, நினிங். அவரு கையெழுத்துப் போடலேன்னா நான் இன்னைக்கும் லெம்பாங்ல பால் கறந்துட்டிருப்பேன்."

"மாடு பொழைச்சுது," என்றார் ப்ரொஃபஸர். எல்லோரும் சிரித்தார்கள். அவர் நினிங் பக்கம் திரும்பினார். "படிச்சியாம்மா? எந்த அத்தியாயம் பிடிச்சிருந்துது?"

"எட்டாவது," என்றாள் நினிங். வேறு எண் வாயில் வரவில்லை. "அது வேற எந்தப் புத்தகத்துலயும் இல்லாத மாதிரி இருக்கு, ப்ரொஃபஸர்."

கிழவரின் முகம் மலர்ந்தது. "பார்த்தியா ருஸ்லி? அது மொத்தமும் நானே யோசிச்சு எழுதினது. வெள்ளைக்காரன் எழுதினதுல நம்ம நாடே இருக்காது."

பாக் ருஸ்லி அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். "அப்ப என்ன சொல்றே?"

சோறு வாய்க்கு நன்றாக இல்லை என்பதற்கும், ஒருவர் முகம் வாடும்படி பேசினால் நன்றாக இருக்காது என்பதற்கும் அந்த ஊரில் சொல் ஒன்றுதான். இரண்டாவது பொருளில் அதைச் சொல்லாமல் அங்கே ஒரு நாள் கழியாது. கடனைத் திருப்பிக் கேட்பது நன்றாக இருக்காது, இரண்டாம் முறை பரிமாறும்போது மறுப்பது நன்றாக இருக்காது, ஒரு பேராசிரியரின் புத்தகத்தை அவர் காப்பி குடிக்கும்போது குப்பை என்பது நிச்சயமாக நன்றாக இருக்காது.

"நல்லாயிருக்கு, பாக்," என்றாள். "அங்கங்க கொஞ்சம் சரிபண்ணிக்கிட்டாப் போதும்."

இந்த வாக்கியத்துக்கு அந்த அலுவலகத்தில் வேறொரு பொருள் உண்டு. சோதனை செய்கிறவர்கள் ஒரு மென்பொருளைப் பற்றி 'கொஞ்சம் சரிபண்ணினால் போதும்' என்று சொன்னால், பாக் ருஸ்லி வாடிக்கையாளருக்குத் தொலைபேசி போட்டு ஒரு மாதம் தள்ளிப்போடுவார். 'நிறைய வேலை இருக்கிறது' என்று சொன்னால்தான் ஒன்றிரண்டு நாளில் முடியும். நினிங் சொன்னது அவருக்கு விளங்கியது. விளங்கியதை அவர் கண்ணில் அவள் பார்த்தாள். அவர் காப்பிக் கோப்பையைக் கையில் எடுத்து, அடியில் தங்கியிருந்த தூளை ஒருமுறை சுழற்றினார்.

"அப்ப முடிஞ்சுது," என்றார். "ஃபாடில், பெட்டியைப் பிரி. ப்ரொஃபஸர் எல்லாத்துலயும் கையெழுத்துப் போட்டுக் குடுப்பாரு."

எங்கோஸ் தன் பிரதிக்கு ஞெகிழி உறை போட்டுக்கொண்டார். பென்சிலால் அடிக்கோடிட்டுப் படித்தார். அவர் புத்தகம்தான் முதலில் அழுக்கானது. பாக் ருஸ்லி போகிற வழியில் அதைத் தூக்கிப் பார்த்து, மற்ற மூவருக்கும் காட்டினார்.

இரண்டாம் மாதம், மழை பிடித்துக்கொண்ட ஒரு மதியம், சமையலறையாக இருந்த பின்கட்டில் எல்லோரும் பொரித்த சோயாக் கட்டியான தெம்பே தின்றுகொண்டிருந்தார்கள். ஃபாடில் பேச்சோடு பேச்சாகச் சொன்னான்: "தேர்வுல நான் முக்கியமாப் பார்க்கப்போறது ஸ்டேட்தான். அது தெரிஞ்சா வெர்டா தெரியும், அவ்வளவுதான்."

எங்கோஸ் பச்சை மிளகாயைக் கடித்துக்கொண்டே சிரித்தார். "சிங்கப்பூரு, மலேசியான்னு சரக்கு அனுப்புறவங்களுக்கு அது வேணும்தாம்பா. நானும் படிச்சிட்டேன். சின்ன அத்தியாயம், ஒரு மதியம்கூட ஆகல. நாணயம், தேதி, அவ்வளவுதானே?"

ஃபாடில் அவர் ஏதோ கேலி செய்கிறார் என்று நினைத்துச் சிரித்தான். "அண்ணனுக்கு எல்லாமே விளையாட்டு."

நினிங்கின் கையில் இருந்த தெம்பே பாதியில் நின்றது. எங்கோஸ் எங்கே வழி தவறியிருக்கிறார் என்பது அந்த நிமிடம் அவளுக்குத் தெளிவாகத் தெரிந்தது. அந்தப் பின்கட்டிலேயே சொல்லியிருந்தால் ஒரே வாக்கியத்தில் தீர்ந்திருக்கும். ஆனால் எதிரே தேர்வு நடத்தப்போகிற பையன் நிற்கிறான். அவன் முன்னால் நாற்பத்தொன்பது வயது மனிதரிடம், அண்ணே, ஸ்டேட் என்றால் நாடு இல்லை என்று சொன்னால் அவர் எங்கே போய் முகத்தை வைத்துக்கொள்வார்? சாயங்காலம் தனியாகச் சொல்லிக்கொள்ளலாம் என்று அவள் தெம்பேயைத் தின்று முடித்தாள்.

சாயங்காலம் எங்கோஸ் மழைச்சட்டையை மாட்டிக்கொண்டிருந்தபோது அருகில் போனாள். கையில் தடித்த ஆங்கிலப் புத்தகம், அவளே வாங்கியிருந்தாள்.

"அண்ணே, இதையும் ஒரு பார்வை பார்த்துக்குங்களேன். எட்டாவது அத்தியாயம் வர்ற இடத்துல இது கொஞ்சம் வேற மாதிரி சொல்லுது."

"இவ்வளவு பெரிசா? இதைத் தூக்கிட்டுப் போனா ஸ்கூட்டரு ஒரு பக்கமா சாயும்." வாங்கிக்கொண்டார். "எட்டுல என்ன? எனக்குப் புரிஞ்சுதானே இருக்கு?"

மூடியிருந்த தலைக்கவசத்துக்குள் அவர் கண்கள் மட்டும் தெரிந்தன. நம்பிக்கையோடு இருந்தன.

"புரிஞ்சிருக்கும்ணே. சும்மா இன்னொரு தடவை பார்த்துக்கிட்டா நல்லதுன்னுதான்."

"பார்த்துடறேன், பார்த்துடறேன்," என்றார். அந்த இரட்டிப்பில் அவர் பார்க்கப்போவதில்லை என்று அவளுக்குத் தெரிந்தது. வேண்டாம் என்று திருப்பிக் கொடுப்பது நன்றாக இருக்காது என்பதால் வாங்கியிருக்கிறார். எட்டாவதை நீங்கள் தப்பாகப் படித்திருக்கிறீர்கள் என்று சொல்வது நன்றாக இருக்காது என்பதால் அவளும் கொடுத்திருக்கிறாள். ஸ்கூட்டர் சந்தின் முனையில் திரும்பியது.

தேர்வுக்கு ஃபாடிலோடு சேர்ந்து உட்காரச் சிங்கப்பூரிலிருந்து ஒரு பொறியாளரும் வந்திருந்தார். லிம் என்று பெயர், இந்தோனேசிய மொழி தெரியாது. ஒவ்வொருவரும் சின்னதாக ஒரு சேமிப்புக் கணக்குத் திரையை வெர்டாவில் செய்து, பெரிய திரையில் ஓட்டிக் காட்ட வேண்டும். இளைஞர்கள் இருவரும் முதலில் காட்டிவிட்டுப் போனார்கள். நினிங்கும் காட்டினாள். கடைசியில் எங்கோஸ்.

அவருடைய திரை சரியாகத்தான் வேலை செய்தது. வட்டி கடைசிக் காசுவரை சரி. மற்ற மூவரும் யோசிக்காத ஒன்றை, சங்க உறுப்பினர் மாத நடுவில் பணம் எடுத்தால் வட்டி எப்படி உடையும் என்பதைக்கூட, அவர் சேர்த்திருந்தார். ஆனால் எந்தப் பொத்தானை அழுத்தினாலும் பக்கம் முழுவதும் வெளுத்து, தரவுத்தளம்வரை போய் மறுபடி வந்து நின்றது. பதினைந்து வருடம் முந்திய முறை. வெர்டா வந்ததே இதை ஒழிப்பதற்காகத்தான்.

லிம் இரண்டு மூன்று தடவை அழுத்திப் பார்த்தார். பிறகு திரும்பி, மரியாதையாக, ஆங்கிலத்தில் கேட்டார்: உங்கள் ஸ்டேட் எங்கே இருக்கிறது?

எங்கோஸ் கேள்வியை உள்வாங்கிக்கொண்டார். அந்தச் சொல் அவருக்குத் தெரியும், படித்திருக்கிறார்.

"இந்தோனேசியா," என்றார்.

லிம் உரக்கச் சிரித்தார். நல்ல நகைச்சுவை என்று நினைத்து மேசையைத் தட்டினார். எங்கோஸும் விருந்தாளியோடு சேர்ந்து சிரித்தார். பிறகு ஃபாடில் சிரிக்கவில்லை என்பதைப் பார்த்தார். நினிங் தன் விரல் நகங்களைப் பார்த்துக்கொண்டிருப்பதைப் பார்த்தார். சிரிப்பு முகத்தில் அப்படியே நிற்க, கண்கள் மட்டும் மாறின. லிம் சிரித்து ஓய்ந்து, சரி, விளையாட்டு போகட்டும், எங்கே இருக்கிறது என்று மறுபடி கேட்டார்.

அடுத்த வாரம் அவரோடு பேசினார்கள்.

பேசி முடிந்த மதியம் நினிங் முதலாளி அறைக்குப் போனாள். கதவை மூடிவிட்டு நின்றுகொண்டே கேட்டாள்: "அன்னைக்கு நான் சொன்னது உங்களுக்குப் புரிஞ்சுதுதானே, பாக்?"

"நல்லாயிருக்குன்னு சொன்னே. ஃபாடிலும் இருந்தான்."

"பாக்."

பாக் ருஸ்லி கண்ணாடியைக் கழற்றினார். "புரிஞ்சுது. அதுக்கு என்ன இப்ப? புரிஞ்சதை வச்சுக்கிட்டு ப்ரொஃபஸர் முன்னாடி நான் என்ன செய்ய முடியும்? நீ சொன்னதை வச்சுத்தான் செய்ய முடியும். நீ ஒரு வார்த்தை, ஒரே வார்த்தை, வேணாம்னு சொல்லியிருந்தா, 'ப்ரொஃபஸர், எங்க பொண்ணு இப்படிச் சொல்றா, நான் என்ன பண்ண'ன்னு உன் மேல பழியைப் போட்டுட்டுப் புத்தகத்தை ஓரமா வச்சிருப்பேன்."

"நீங்க சொல்லியிருக்கலாமே."

"நானா?" அவர் உண்மையிலேயே ஆச்சரியப்பட்டார். "எனக்கு அவரு கையெழுத்துப் போட்டவரும்மா."

வழியனுப்பு விருந்து அந்த வட்டாரத்துச் சுண்டானியச் சாப்பாட்டுக் கடை ஒன்றில் நடந்தது. வாழையிலையில் கட்டிய சோறு, பொரித்த மீன், பச்சைக் கத்தரிக்காய், மிளகாய்த் துவையல். ப்ரொஃபஸர் சுகந்தாவையும் அழைத்திருந்தார்கள். எங்கோஸ் எழுந்து நின்று பேசினார். நிறுவனத்துக்கு நன்றி சொன்னார், தவறு ஏதும் செய்திருந்தால் உள்ளும் புறமும் மன்னிக்கும்படி கேட்டுக்கொண்டார், தன் வயதில் புதியதைக் கற்றுக்கொள்ள ஒரு வாய்ப்பாக அமைந்த புத்தகத்துக்காகப் ப்ரொஃபஸருக்குத் தனியாக நன்றி சொன்னார். எல்லோரும் கைதட்டினார்கள். நினிங்கும் தட்டினாள். ப்ரொஃபஸர் எழுந்து வந்து அவரைத் தழுவிக்கொண்டார்.

வெளியே வண்டிகள் நிற்கும் இடத்தில் அவள் அவரைப் பிடித்தாள். சொல்ல வேண்டியதை மூன்று நாளாக மனதுக்குள் திருத்தித் திருத்தி வைத்திருந்தாள். இப்போது திருத்தம் எல்லாம் போய்விட்டது.

"அண்ணே, அந்தப் புத்தகம் குப்பை. எட்டாவது அத்தியாயம் முழுக்கத் தப்பு. எனக்கு முதல் வாரத்துலயே தெரியும்."

எங்கோஸ் தலைக்கவசத்தின் வாரைத் தளர்த்திக்கொண்டிருந்தார். "நானும் உன் பெரிய புத்தகத்தை இப்பத்தான் பிரிச்சுப் பார்த்தேன். பேசினதுக்கு அப்புறம். நல்லாத்தான் சொல்லியிருக்கான். ஒரு வாரம் பிடிச்சுது. புரிஞ்சுடுச்சு."

"அண்ணே..."

"விடு. எனக்கு வேலை கிடைச்சாச்சு. ஜூலையிலேருந்து. சிமாஹியில ஒரு தொழிற்பள்ளி. ப்ரொஃபஸர் அங்க நிர்வாகக் குழுவுல இருக்காரு. பாவம், என் விஷயம் கேள்விப்பட்டு அவரே கூப்பிட்டுச் சொன்னாரு. பழைய சம்பளத்துல பாதிகூட இல்லை. நாற்காலின்னு ஒண்ணு இருக்கே."

"என்ன பாடம்?"

"வெர்டா."

அவரே தொடர்ந்தார்: "அவரு புத்தகம்தான் பாடநூல். ரெண்டாம் பதிப்பு வருதாம். மாசத்துக்கொரு தடவை வகுப்புல பின்னால வந்து உட்காருவாராம்."

"எட்டாவது அத்தியாயத்தை என்ன பண்ணுவீங்க?"

"என்ன பண்ண? நடத்துவேன்."

"நாடுன்னேவா?"

"வேற எப்படி? அவரு பின்னால உட்கார்ந்திருப்பாரே."

"அவரு இல்லாத நாள்லயாவது பசங்ககிட்ட உள்ளதைச் சொல்லிடுங்கண்ணே. அவங்களும் வெளியில வேலைக்குப் போகணும்."

எங்கோஸ் ஸ்கூட்டரை முன்னே தள்ளித் தாங்கியிலிருந்து இறக்கினார். குரலில் கோபம் இல்லை. கூட்டுறவு வட்டி உடைவதை விளக்கும்போது இருக்கிற அதே நிதானம்தான்.

"சொல்றேன்," என்றார். "நீ எனக்குச் சொன்னியே, அந்த மாதிரி."

வண்டி கிளம்பியது. கடைக்குள்ளிருந்து யாரோ, ப்ரொஃபஸரோடு படம் எடுக்க வேண்டும், எல்லோரும் வாருங்கள் என்று நினிங்கைக் கூப்பிட்டார்கள். அவள் போனாள்.